உள்ளது உள்ளபடி

பதிவேடு தேடி வருகிறவர்கள்
தேதி கிடைத்ததும் முதலில் செய்வது
விரல்விட்டு எண்ணுவது.
கல்யாணத்திலிருந்து தலைச்சன் பிள்ளைவரை.
ஒன்பது வந்தால் முகம் தெளியும்.
ஏழு வந்தால்
அந்தக் காலத்தில் குறைமாதக் குழந்தைகள் அதிகமோ என்று
என்னைக் கேட்பார்கள்.
அதிகம்தான் என்பேன். இந்தக் கவுண்டியில் ரொம்பவே அதிகம்.

கென்டக்கி, டன்மோர் கவுண்டி நீதிமன்றம்.
நிலவறையில் கொதிகலனுக்கு அடுத்த அறை.
பத்தொன்பது வருடமாக இங்கே துணை எழுத்தர் நான்.
ஆயிரங்காலத்துப் பயிர் என்பதெல்லாம்
என் அலமாரியில் நாற்பத்தோரு தொகுதி,
ஒவ்வொன்றும் ஒரு கன்றுக்குட்டி கனம்.

லட்ரெல் கிராப்ட்ரீ மூன்றாவது முறையாக வந்திருந்தார்.
லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர்.
ஸ்டியரிங்கைப் பிடிப்பதுபோலவே
புத்தகத்தை இரண்டு பக்கமும் பிடிப்பார்.
தாத்தாவின் இறப்புச் சான்றிதழில்
தாயின் பெயர் பெர்மீலியா.
தாத்தாவைப் பெற்றவருக்குப் பக்கத்துக் கல்லறையில்
மனைவியின் பெயர் லியோட்டா.
"ஒரே பொம்பளைக்கு ரெண்டு பேரா இருக்கும்" என்று
இரண்டு முறையும் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

சி வரிசையில் தேடியது எங்கள் தப்பு.
அந்நாளைய எழுத்தருக்குக் காதில் விழுந்ததுதான் எழுத்து.
கே வரிசையில் கிடைத்தது.

1891 நவம்பர் ஏழு.
ஆன்சல் கிராப்ட்ரீ, இருபத்துநான்கு, விவசாயி.
பெர்மீலியா ஸ்டைல்ஸ், பத்தொன்பது.
ஜாமீன் நின்றது பெண்ணின் அண்ணன் ஹோபர்ட்,
நூறு டாலருக்கு.
உரிமம் வழங்கப்பட்டது.
கீழே,
இன்ன நாளில் இவர்களை மணமுடித்து வைத்தேன் என்று
பாதிரியார் எழுதவேண்டிய இடம்
காலி.

"எழுத மறந்திருப்பாரோ?"
மறப்பதுண்டு. மழை, சேற்றில் குதிரை,
சட்டைப்பையோடு காகிதம் வெளுப்புக்குப் போய்விடும்.
அதைச் சொல்ல வாயெடுப்பதற்குள்
அவர் தாளைத் திருப்பிவிட்டார்.

இரண்டு தாள் தள்ளி, நவம்பர் பதினாறு.
அதே ஆன்சல்.
லியோட்டா ஸ்டைல்ஸ், பதினேழு.
ஜாமீன், அதே ஹோபர்ட்.
முதல் கையெழுத்தில் சுழிகள் இருந்தன.
இதில் பேனா தாளைக் கீறியிருந்தது.
இந்தக் கல்யாணம் நடந்திருக்கிறது.
பெண் வீட்டில், மாலை நான்கு மணிக்கு,
சாட்சிகள் இருவர் முன்னிலையில்.
இரண்டாவது சாட்சி
பெர்மீலியா.

ஒன்பது நாள்.
அந்த வீட்டில் அந்த ஒன்பது நாளுக்கு
எந்தத் தொகுதியிலும் பத்தி ஒதுக்கவில்லை.

லட்ரெல் எண்ணினார்.
தாத்தா பிறந்தது அடுத்த மே.
ஆறாவது விரலில் நின்றது.
எந்தத் தேதியிலிருந்து எண்ணினாலும் ஆறுதான்.
விரல்களை மடக்கி மேஜைக்கடியில் வைத்துக்கொண்டார்.

"வீட்ல ஒரு போட்டோ இருக்கு.
அவரு நிக்கிறாரு. ரெண்டு பொம்பளைங்க உக்காந்திருக்காங்க.
ஒருத்தி யாருன்னா, பார்க்க வந்த அக்காவாம்.
பின்னால எழுதியிருக்கு."
"அக்காதானே" என்றேன்.
"அக்காதான்."
கொதிகலன் ஒருமுறை இருமியது.
"குழந்தை யார் மடியில்?"
"அவ மடியில. ஆனா ரெண்டு பேருக்கும் ஒரே மூக்கு."
யாருடைய மடி என்று நான் மறுபடி கேட்கவில்லை.

நகல் ஒன்றுக்கு இரண்டு டாலர்.
நடந்த கல்யாணத்தை எடுத்து வைக்கப் போனேன்.
"முதல்ல அது" என்றார், முந்தைய பக்கத்தைக் காட்டி.
"அதில் ஒன்றும் இல்லையே."
"அதான்."

மூலத்தோடு ஒப்பிடப்பட்டது, உள்ளது உள்ளபடி.
முத்திரையை அழுத்திக் கையெழுத்துப் போட்டேன்.
ஒரு காலி இடத்துக்கு நான் சான்று சொன்னது
அதுதான் முதல் தடவை.

இயந்திரத்திலிருந்து சூடாக வந்த தாளில்
அந்த இடம் வெள்ளையாக இல்லை.
மறுபக்கத்து மை ஊறிவந்து,
வேறு யாரோ இருவரின் கல்யாணம்
இடம்வலம் மாறி, வாசிக்க வராமல்,
லேசாகத் தெரிந்தது.